கைமாறிய வாண்டுகள்

ஓடும் சித்திரம் – 19

அமெரிக்காவின் ஏ.பி.சி. தொலைக்காட்சியில் 1982 செப்டம்பர் 25, சனிக்கிழமை காலை ஒரு புதுக் கார்ட்டூன் நிகழ்ச்சி தொடங்கியது. பெயரைச் சொல்லி முடிப்பதற்குள் மூச்சு வாங்கும்: 'தி பேக்-மேன்/லிட்டில் ராஸ்கல்ஸ்/ரிச்சி ரிச் ஷோ'. பேக்-மேன், அப்போது பையன்களின் சில்லறையை எல்லாம் விழுங்கிக்கொண்டிருந்த வீடியோ கேம். ரிச்சி ரிச், ஹார்வி காமிக்ஸின் கோடீஸ்வரப் பொடியன். நடுவில் நிற்கும் லிட்டில் ராஸ்கல்ஸ், பழைய குறும்படங்களில் வந்த வாண்டுக் கூட்டம். மூன்றிலும் மூத்தது அதுதான். சரியாக அறுபது வயது. மூன்றையும் வரைந்து கொடுத்தது நாம் சில வாரங்களாகப் பார்த்துவரும் ஹன்னா-பார்பெரா நிறுவனம்.

மூன்றும் ஏற்கெனவே பெயர் பெற்றவை என்பதைக் கவனியுங்கள். புதிதாக ஒரு கதாபாத்திரத்தைப் படைத்து, அது பிள்ளைகளுக்குப் பிடிக்குமா என்று காத்திருக்கும் பொறுமை அன்றைய சனிக்கிழமை வியாபாரத்தில் குறைந்துகொண்டே வந்தது. அதே ஹன்னா-பார்பெரா, பெல்ஜியத்து நீலக் குள்ளர்களான ஸ்மர்ஃப்ஸை வாங்கி 1981-இல் என்.பி.சி.க்குக் கொடுத்தது. அது பெருவெற்றி. அதற்குப் பிறகு கடை, காமிக்ஸ், பழைய படப்பெட்டி என்று எங்கே தெரிந்த முகம் கிடைக்கும் என்று எல்லாரும் தேடினார்கள்.

பழைய படப்பெட்டிக்குள் இருந்த லிட்டில் ராஸ்கல்ஸ் முகங்கள் வந்த வழி நீளமானது.

1921-இல் கல்வர் சிட்டியில் ஹால் ரோச் என்ற தயாரிப்பாளருக்குச் சொந்தமாக ஸ்டுடியோ இருந்தது. ஒருநாள் ஒரு சிறுமியை நடிப்புச் சோதனைக்கு அழைத்துவந்தார்கள். முகமெல்லாம் பூச்சு, பேச்செல்லாம் மனப்பாடம். அலுத்துப்போய் ரோச் ஜன்னலுக்கு வெளியே பார்த்தாராம். எதிரே மரக்கடை. அங்கே சில பிள்ளைகள் கழித்துப்போட்ட மரத்துண்டுகளுக்காகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்கள். இருப்பதிலேயே பெரிய துண்டு இருப்பதிலேயே சின்னப் பயலிடம். அதுதான் பஞ்சாயத்து. கால்மணி நேரம் கண்ணெடுக்காமல் பார்த்த பிறகுதான், தான் பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்பதே அவருக்கு உறைத்தது. ரோச் இந்தக் கதையைக் கடைசிவரை சொல்லிவந்தார். நூறு வயதைத் தாண்டி வாழ்ந்தவர், எத்தனையோ முறை சொல்லியிருப்பார். சொல்லச் சொல்லக் கொஞ்சம் மெருகேறியிருந்தாலும் ஆச்சரியமில்லை. ஆனால் படங்களைப் பார்த்தால் கதை பொய்யில்லை என்று தோன்றும். 1922-இல் 'அவர் கேங்' என்ற பெயரில் குறும்படங்கள் வரத் தொடங்கின. நம்மூர்ப் பேச்சில் 'நம்ம செட்டு'.

இயக்குநர் ராபர்ட் மெக்கோவன். அவருடைய வேலைமுறைதான் எனக்கு இந்தக் கதையிலேயே பிடித்த பகுதி. நடித்த பிள்ளைகளில் பாதிப் பேருக்கு எழுத்துக்கூட்டிப் படிக்கவே வராது, பிறகு எங்கே வசனத்தாளைக் கொடுப்பது? படம் எடுப்பதற்குச் சற்று முன்பு, 'நீ இப்போ இதைச் செய், அவன் அதைப் பிடுங்குவான்' என்கிற மாதிரி விளையாட்டாகச் சொல்லிவிடுவார். கேமரா ஓடும்போது மெகாஃபோனில் பேசிக்கொண்டே இருப்பார். பேசாப்படக் காலம் என்பதால் அவர் குரல் எதையும் கெடுக்காது. பிள்ளை சொன்னதை மறந்து வேறெதையாவது செய்தால் சில நேரம் அதுவே காட்சியாகிவிடும். 1929-இல் பேசும்படம் வந்ததும் மெகாஃபோன் வாயை மூடிக்கொள்ள வேண்டியதாயிற்று. வசனத்தைப் பிள்ளைகளுக்குச் சொல்லிச் சொல்லிப் பழக்கினார்கள். மெக்கோவன் 1933-இல் களைத்துப்போய் விலகினார். பத்து வருஷத்துக்கு மேல் அடுத்தவர் வீட்டுப் பிள்ளைகளை மேய்த்த மனிதர் களைக்காமல் என்ன செய்வார்?

பேசும்படம் வந்த பிறகும் அந்தப் பழைய குணம் போகவில்லை. டல்லாஸிலிருந்து மூன்று வயதில் வந்த ஜார்ஜ் மெக்ஃபார்லண்டுக்கு ஒரு நடிப்புச் சோதனை எடுத்தார்கள். குழந்தை தன்பாட்டுக்கு இருந்த அந்தத் துண்டுகளையே 1932-இல் வந்த 'ஸ்பேங்கி' படத்தில் சேர்த்துவிட்டார்கள். படத்தின் பெயரும் பையனின் பட்டப்பெயரும் ஒன்றே. இலினாய் மாநிலத்தின் பாரிஸ் என்ற ஊரிலிருந்து ஸ்டுடியோவைச் சுற்றிப்பார்க்க வந்த கார்ல் ஸ்விட்சரையும் அவன் அண்ணனையும் உள்ளே விடவில்லை. இருவரும் ஸ்டுடியோ ஆட்கள் சாப்பிடும் உணவகத்துக்குள் நுழைந்து பாட ஆரம்பித்தார்கள். ரோச் அங்கேயே வேலை கொடுத்தார். உச்சியில் ஆணிபோல் ஒரு முடிக்கற்றை, கிறீச்சிடும் குரலில் சுருதி விலகிய காதல் பாட்டு என்று அமெரிக்கா முழுக்கத் தெரிந்த அல்ஃபால்ஃபா அவன்தான்.

கறுப்பினப் பிள்ளைகளைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். எர்னி மாரிசன், ஃபரீனா என்ற ஆலன் ஹாஸ்கின்ஸ், ஸ்டைமி என்ற மேத்யூ பியர்ட், பக்வீட் என்ற பில்லி தாமஸ் என்று ஒவ்வொரு காலத்திலும் கூட்டத்தில் கறுப்பினப் பிள்ளை இருந்தது. பள்ளிக்கூடமும் பேருந்தும் நிறம் பார்த்துப் பிரிந்து கிடந்த நாட்டில், திரையில் இவர்கள் வெள்ளைப் பிள்ளைகளோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்தார்கள், ஒரே குப்பைமேட்டில் புரண்டார்கள். அதே படங்களில் அந்தக் காலத்து நிறக் கேலிகளும் தாராளமாக இருந்தன. ஒன்றைச் சொல்லி மற்றதை மறைக்கும் பழக்கம் இரு தரப்பு ரசிகர்களுக்கும் உண்டு. இரண்டும் ஒரே ரீலில்தான் இருக்கின்றன.

1936-இல் வந்த 'போர்ட் ஆஃப் எஜுகேஷன்' ஆஸ்கர் வாங்கியது. இரண்டே ஆண்டில், 1938-இல், ரோச் கூட்டத்தை அப்படியே எம்.ஜி.எம்.முக்கு விற்றார். பெயர், உரிமை, பிள்ளைகளின் ஒப்பந்தம் எல்லாம் சேர்த்து. எம்.ஜி.எம். மேலும் 52 படங்கள் எடுத்தது. பெரிய ஸ்டுடியோ, பளபளப்பான செட், ஒழுக்கப் பாடம் சொல்லும் கதைகள். வாண்டுகள் நல்ல பிள்ளைகளாகிவிட்டார்கள், ஆகவே சிரிப்பு வரவில்லை. 1944-இல் கடையை மூடினார்கள். மொத்தம் 220 குறும்படங்கள். அதே எம்.ஜி.எம்.மில், அதே ஆண்டுகளில், வில்லியம் ஹன்னாவும் ஜோசஃப் பார்பெராவும் டாம் அண்ட் ஜெர்ரி செய்துகொண்டிருந்தார்கள் என்பதை இந்தத் தொடரின் வாசகர்களுக்கு நினைவூட்டத் தேவையில்லை.

அடுத்து நடந்தது வக்கீல்கள் விளையாட்டு. 1949-இல் ரோச் தன்னுடைய பேசும்படங்களை எம்.ஜி.எம்.மிடமிருந்து திரும்ப வாங்கினார். ஆனால் 'அவர் கேங்' என்ற பெயர் வரவில்லை, அது எம்.ஜி.எம்.மிடமே நின்றுவிட்டது. வேறு வழியின்றி 'தி லிட்டில் ராஸ்கல்ஸ்' என்று புதுப்பெயர் சூட்டினார்கள். அந்தப் பெயரில் 1950-களில் தியேட்டர், பிறகு தொலைக்காட்சி. தொலைக்காட்சியில் வந்த பிறகுதான் உண்மையான புகழ். தினமும் பள்ளி விட்டு வந்த பிள்ளைகள் பார்த்தார்கள். நடித்தவர்களுக்கு மறுஒளிபரப்புக்காக ஒரு சென்ட் கிடையாது.

1964-இல் சார்லஸ் கிங் என்பவர் இந்தப் படங்களை முதல் சரக்காக வைத்து கிங் வேர்ல்ட் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். படங்களைத் தொலைக்காட்சி நிலையங்களுக்கு விற்பதே தொழில். 1971-இல் நிறக் கேலி குறித்த கண்டனங்கள் வலுக்கவே, கத்தரியை எடுத்தார்கள். பல படங்களில் இரண்டு முதல் நான்கு நிமிடம் போயிற்று. சிலவற்றில் கிட்டத்தட்ட பாதி போயிற்று. எட்டுப் படங்களை விற்பனையிலிருந்தே எடுத்துவிட்டார்கள். வெட்டியதில் விளம்பரத்துக்கு இடமும் கிடைத்தது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

வெட்டிக்கொண்டே இருப்பதைவிடப் புதிதாக எடுத்துவிட்டால்? பலர் முயன்றார்கள். 1977-இல் நார்மன் லியர் மூன்று மாதிரி அத்தியாயங்கள் எடுத்தார். யாரும் வாங்கவில்லை. அதில் நடித்த கேரி கோல்மன் மட்டும் மறு ஆண்டே வேறு தொடரில் பெரிய நட்சத்திரமானார். 1979-இல் ஒரு கிறிஸ்துமஸ் கார்ட்டூன் வந்தது. பழைய செட்டின் டார்லா ஹுடும் ஸ்டைமியும் அதற்குக் குரல் கொடுத்தார்கள். ஒளிபரப்பாகும் முன்பே டார்லா இறந்துபோனார். அதற்குப் பிறகுதான் கிங் வேர்ல்டும் ஹன்னா-பார்பெராவும் கைகோத்த இந்தச் சனிக்கிழமைக் கார்ட்டூன்.

ஸ்பேங்கிக்கு ஸ்காட் மென்வில் என்ற பதினோரு வயதுப் பையனின் குரல். பக்வீட்டுக்கு 'டிஃபரன்ட் ஸ்ட்ரோக்ஸ்' தொடரில் கேரி கோல்மனின் தோழனாக வந்த ஷவார் ராஸ். இவர்கள் இருவரும் நல்ல தேர்வு. மற்றவர்கள் வளர்ந்தவர்கள். அல்ஃபால்ஃபா, போர்க்கி, முரட்டு புட்ச்சின் எடுபிடியான வாய்ம் மூவருக்கும் ஜூலி மெக்விர்ட்டர் டீஸ் என்ற ஒரே பெண்மணி. காதலனும் அவனை விரட்டுகிறவனின் அடியாளும் ஒரே தொண்டையிலிருந்து! திறமைசாலிதான், சந்தேகமில்லை. ஆனால் அல்ஃபால்ஃபாவின் அந்தக் கீச்சுக்குரலைக் கேட்டு முதலில் நாம் சிரித்தது எதனால்? அந்தப் பையன் அதை நடிக்கிறானா, அவன் தொண்டையே அப்படித்தானா என்று தெரியாததால். கார்ட்டூனில் அந்தச் சந்தேகத்துக்கே இடமில்லை.

வரைவதிலும் இதே இடிதான். யோகி கரடியின் கழுத்தில் காலர் எதற்கு என்று முன்பொரு வாரம் பார்த்தோம்: உடம்பை அசையாமல் வைத்துத் தலையை மட்டும் மாற்றி வரைய. அந்தச் சிக்கனம் கரடிக்குப் பொருந்தியது. ஒரு நிமிடம்கூட நேராக நிற்க முடியாமல் நெளிந்து, சொறிந்து, கேமராவுக்குப் பின்னால் யாரையோ பார்த்து விழித்த பிள்ளைகளுக்கு எப்படிப் பொருந்தும்? போதாததற்குச் சேனல்களின் தணிக்கைப் பிரிவு. பிள்ளைகள் பார்த்துவிட்டு வீட்டில் செய்துபார்க்கக்கூடிய ஆபத்து எதுவும் சனிக்கிழமைக் காலையில் கூடாது என்பது அன்றைய விதி. அந்தக் கவலையைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் பழைய படங்களின் உயிரே அந்த ஆபத்தில்தான் இருந்தது. 1932-இல் வந்த 'ஃப்ரீ வீலிங்'கில் ஓட்டை உடைசலைச் சேர்த்து ஒரு டாக்ஸி செய்து, பின்னாலிருந்து கோவேறு கழுதையைத் தள்ளவைத்து, மேட்டிலிருந்து தலைதெறிக்க உருள்வார்கள். அதைப் பார்த்த எந்தப் பையன் மறுநாள் பழைய சக்கரம் தேடாமல் இருந்திருப்பான்?

1983-இல் பேக்-மேன் தனியே போனது. அந்த இடத்துக்கு மோஞ்சிச்சி என்ற ஜப்பானியக் குரங்குப் பொம்மை வந்தது. ஸ்பேங்கியும் அல்ஃபால்ஃபாவும் பொம்மைக்கும் காமிக்ஸுக்கும் நடுவில் இன்னொரு வருஷம் ஓட்டினார்கள். 1984-இல் நிகழ்ச்சி முடிந்தது. அழுதவர் யாருமில்லை, கிங் வேர்ல்டும் அழவில்லை. சார்லஸ் கிங்கின் பிள்ளைகள் கையில் 1983-இல் 'வீல் ஆஃப் ஃபார்ச்சூன்', அடுத்த ஆண்டு 'ஜெப்பர்டி', 1986-இல் ஓப்ரா வின்ஃப்ரி. வாண்டுகள் போட்ட முதலில் வளர்ந்த கம்பெனி எங்கேயோ போய்விட்டது.

இந்த வரவுசெலவில் பில்லி தாமஸ் எங்கேயும் இல்லை. 1944-இல் கடைசிப் படம் வரை இருந்தவர், வளர்ந்ததும் நடிப்பை விட்டு டெக்னிகலர் நிறுவனத்தின் படக்கழுவும் கூடத்தில் வேலைக்குப் போனார். 1980 அக்டோபரில், 49 வயதில் மாரடைப்பில் இறந்தார். மறு வருஷமே 'சாட்டர்டே நைட் லைவ்' நிகழ்ச்சியில் எடி மர்ஃபி மழலைக் குளறலோடு பக்வீட் வேஷம் போட்டு நாட்டைச் சிரிக்கவைத்தார். அடுத்த வருஷம் கார்ட்டூன். பக்வீட் என்ற பெயர் அதுவரை இல்லாத அளவுக்கு ஊரெங்கும் அடிபட்டது.

1990-இல், ஆறு வருஷம் முன்புவரை பக்வீட் கார்ட்டூனை ஒளிபரப்பிய அதே ஏ.பி.சி., '20/20' என்ற தன் செய்தி நிகழ்ச்சியில் பழைய பக்வீட்டைக் கண்டுபிடித்துவிட்டதாகப் பேட்டி எடுத்துப் போட்டது. அரிசோனாவில் ஒரு மளிகைக் கடையில் சாமான்களைப் பையில் போட்டுக் கொடுக்கும் வேலை பார்த்த மனிதர். பல வருஷமாக, தான்தான் பக்வீட் என்று சொல்லிக்கொண்டிருந்தவர். உண்மையான பில்லி இறந்து பத்து வருஷம் ஆகிறது என்று ஸ்பேங்கி மெக்ஃபார்லண்டும் மற்றவர்களும் குரல் எழுப்பினார்கள். அடுத்த வாரம் ஏ.பி.சி. திரையிலேயே தவற்றை ஒப்புக்கொண்டது. நிகழ்ச்சித் தயாரிப்பாளர் ஒருவர் வேலையை விட்டார். பில்லியின் மகன் வழக்குப் போட்டார்.

(தொடரும்)