ஓவியத்தில் சுழலும் ஆலை

இங்கிலாந்து நாட்டின் சஃபோக் வட்டாரத்தில், ஸ்டூர் ஆற்றங்கரையில், ஃபிளாட்ஃபோர்டு என்னும் சிற்றூரில் செங்கல்லாலான பழைய ஆலை ஒன்றுண்டு. அது 1733-ஆம் ஆண்டில் எழுந்தது. தேக்கிவைத்த ஆற்றுநீர் சக்கரத்தைச் சுழற்றும். பற்சக்கரங்கள் அவ்விசையை மேற்கல்லுக்குக் கொண்டு செல்லும். கல்லிடைப்பட்ட தானியம் மாவாகும். அம்மாவு படகேறி மிஸ்ட்லி துறையை அடைந்து, அங்கிருந்து கடல்வழியே லண்டன் சேர்ந்தது.

ஆலைக்கு உரியவர் கோல்டிங் கான்ஸ்டபிள். 1776-இல் பிறந்த தம் மகன் ஜான் குடும்பத் தொழிலை ஏற்கவேண்டும் என்பது அவர் விருப்பம். ஜானும் சிலகாலம் ஆலையிற் பணிபுரிந்தார். எனினும் உள்ளம் ஓவியத்தையே நாடியது. 1799-இல் அவர் லண்டன் சென்று ஓவியம் பயின்றார். ஆலைப் பொறுப்பைத் தம்பி ஆபிராம் ஏற்றார்.

ஊரைவிட்டவர் ஊரை மறந்தாரா? இல்லை. லண்டன் நகரில் இருந்துகொண்டே அவர் தீட்டியது ஆலையருகே ஓடிய அந்நீரையும், அதில் இறங்கி நிற்கும் வைக்கோல் வண்டியையுமே. 1821-இல் காட்சிக்கு வைத்தபோது அவ்வோவியம் விலைபோகவில்லை. 1824-இல் பாரிஸ் மாநகரம் அதற்குப் பொற்பதக்கம் அளித்தது.

காலப்போக்கில் ஆலையின் அரைவை ஓய்ந்தது. 1943-இல் அது நேஷனல் டிரஸ்ட் நிறுவனத்தின் உடைமையாயிற்று; 1946-இல் இயற்கையை நேரிற் கற்கும் கல்வி மையமாயிற்று. ஆலையை ஏற்க மறுத்த மகனின் தூரிகையே அதன் புகழை நிலைநிறுத்தியது. பிழைப்பை நாடி ஊர்விட்டு வந்த நமக்கு இதன் பொருள் எளிதில் விளங்குமன்றோ?