ஏழுக்கு நான்கு: ஊவாத் தோட்டங்களும் தெற்காசியக் கிண்ணமும்

1996இல் லாகூரில் இலங்கை கிரிக்கெட் உலகக் கிண்ணத்தை வென்றது எல்லோருக்கும் நினைவிருக்கும். அதற்கு ஓராண்டு முன்பு, 1995 ஏப்ரல் 2ஆம் திகதி, கொழும்பு சுகததாச விளையாட்டரங்கில் இலங்கை உதைபந்தாட்ட அணி இந்தியாவை ஒன்றுக்குச் சுழியம் என்று வென்று தெற்காசியத் தங்கக் கிண்ணத்தைப் பெற்றதை நினைவில் வைத்திருப்போர் மிகச் சிலர். இன்று 'சாஃப்' என்று நாம் அறியும் சுற்றுப்போட்டியின் அன்றைய பெயர் அது. 2023 வரை பதினான்கு முறை நடந்த இப்போட்டியில் ஒன்பது முறை வென்றது இந்தியா. இலங்கைக்குக் கிடைத்தது அந்த ஒரே ஒரு கிண்ணம்.

அந்த நாட்களை அரசியல் நாட்காட்டியில் வைத்துப் பார்த்தால் வேறொரு உண்மையும் தெரியும். சந்திரிகா அரசுக்கும் விடுதலைப் புலிகளுக்கும் இடையே 1995 ஜனவரி 8இல் தொடங்கிய போர்நிறுத்தம் ஏப்ரல் 19இல் முறிந்தது. அந்த நூறு நாள் அமைதிக்குள்தான் இந்தப் போட்டி நடந்து முடிந்தது. பத்திரிகைக் கந்தோர்களில் விளையாட்டுக்கு ஒரு மேசை, அரசியலுக்கு வேறொரு மேசை. இவ்விரண்டையும் சேர்த்து எழுத எவருக்கும் அன்று தோன்றவில்லை.

நான் சொல்ல வந்தது கொழும்பைப் பற்றியன்று; கொழும்பிலிருந்து புறப்படும் மலைநாட்டு ரயில் பாதை முடிவடைகிற பதுளையைப் பற்றி. 1924இல் அங்கு ரயில் வந்து சேர்ந்தது தேயிலைக்காக. ஹப்புத்தளை, பண்டாரவளை, தெமோதரை, ஹாலிஎல எனப் பாதை நெடுகிலும், பசறை, லுணுகலை, மடுல்சீமை எனப் பாதைக்கு அப்பாலும் பரந்து கிடப்பவை தோட்டங்கள். பதுளை நகரில் வின்சென்ட் டயஸ் விளையாட்டரங்கு இருக்கிறது. நமுனுகுல மலைச்சரிவிலுள்ள லயத்துப் பிள்ளைக்கு அது தொலைதூரம்.

தோட்டத்தில் சமதரை என்பது அபூர்வம். இருக்கும் சமதரையில் தேயிலை ஆலை நிற்கும். துரையின் பங்களா நிற்கும். மிஞ்சியது காலையில் பேர் கொடுக்கும் பிரட்டுக்களம். வேறு இடத்தில் ஆடினால் பந்து மலைச்சரிவில் உருண்டு தேயிலைச் செடிகளுக்குள் போய்விடும். தேடி இறங்கினால் கங்காணியின் ஏச்சு. மைதானம் என்பது முதலில் நிலப் பிரச்சினை என்பதை மலையகத்தான் எவரும் சொல்லித் தெரிந்துகொள்ள வேண்டியதில்லை. ஆனால் நிலத்தைவிடப் பெரிய பிரச்சினை ஒன்று இருந்தது.

1952இல் கொழும்பில் நான்கு நாடுகளின் உதைபந்தாட்டப் போட்டியொன்று நடந்தது. இந்தியா, பாகிஸ்தான், பர்மா, இலங்கை ஆகியவை கலந்துகொண்ட 'கொழும்புக் கிண்ணம்' அது. கிண்ணத்தை இந்தியாவும் பாகிஸ்தானும் பகிர்ந்துகொண்டன. சாஃப் போட்டியின் மூதாதை என்று இதனைத் தாராளமாகச் சொல்லலாம். அதே 1952இல்தான் தோட்டத் தமிழர் வாக்கில்லாமல் நின்ற முதற் பொதுத்தேர்தலும் நடந்தது. 1947இல் இலங்கை இந்தியக் காங்கிரஸ் ஏழு உறுப்பினர்களை நாடாளுமன்றத்துக்கு அனுப்பியிருந்தது. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டமும் 1949ஆம் ஆண்டின் சட்டங்களும் அந்த மக்களின் குடியுரிமையையும் வாக்கையும் பறித்தன. 1952இல் ஓர் உறுப்பினரும் இல்லை. ஏப்ரல் இறுதியில் கொழும்பில் சத்தியாக்கிரகம் தொடங்கியது, பல மாதங்கள் நீடித்தது, சட்டம் அசையவில்லை. கொழும்புக்கு வந்த இந்திய அணி விருந்தாளி. இலங்கை அணி வீட்டுக்காரர். 'இந்தியர்' என்று சட்டம் பெயர் சூட்டிய தோட்டத் தமிழர் இரண்டுமல்லர்.

பிறகு வந்தது 1964 அக்டோபர் 30. சிறிமாவும் சாஸ்திரியும் ஒப்பமிட்ட ஒப்பந்தப்படி 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. எஞ்சிய 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றார்கள். 1974இல் அவர்களையும் பாதி பாதியாகப் பிரித்தார்கள். ஏழு பேர் இந்தியக் குடிகளானால் நான்கு பேர் இலங்கைக் குடிகளாகலாம் என்பது கணக்கு. உதைபந்தாட்டப் பெறுபேறு போல ஏழுக்கு நான்கு! ஆனால் பந்து யார் என்று எவரும் கேட்கவில்லை. பதுளையிலிருந்து தலைமன்னாருக்குக் கப்பலேறப் போனவர்களின் ரயிலை 'ஒப்பாரிக் கோச்சி' என்றே மலையகம் அழைத்தது. 1983 ஜூலையில் பதுளை நகரில் தமிழர் கடைகளும் வீடுகளும் எரிந்தன. அடுத்த ஆண்டு இராமேஸ்வரக் கப்பலும் நின்றது. இந்தியக் கடவுச்சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு போக வழியின்றி லயத்திலேயே தங்கியோர் பலர்.

1988இல் வந்த சட்டம் நாடற்றோரில் பெரும்பாலோருக்குக் குடியுரிமை தந்தது. இந்தியக் கடவுச்சீட்டு வைத்திருந்தோர் அதற்கு வெளியே நின்றார்கள். ஆகவே 1995 இறுதியாட்டத்தை ஊவாத் தோட்டமொன்றில் வானொலியில் கேட்ட சிலருக்கு, ஆடிய இரு நாடுகளில் ஒன்று பிறந்த நாடு. மற்றது கண்ணால் காணாத, கடவுச்சீட்டு மட்டும் தந்த நாடு. தேசிய அணிக்கு ஆடக் குடியுரிமை வேண்டும் என்பது சர்வதேச விதி. பதுளையில் பிறந்து பதுளையிலேயே வளர்ந்தவனுக்கு, எத்தனை திறமை இருந்தும், இலங்கைச் சட்டை சட்டப்படியே எட்டாதது.

இது இலங்கைக்கு மட்டும் உரிய கதையன்று. 2003இல் சாஃப் போட்டிக்கு முதன்முறை வந்த பூட்டானும், 1990 முதல் நேபாளி பேசும் தன் மக்களில் ஏறத்தாழ ஒரு லட்சம் பேரைக் குடியுரிமைச் சட்டத்தின் பெயரால் வெளியே தள்ளிய நாடு. நாடுகளின் அணிகள் மோதும் போட்டிகளில், நாடில்லாதவர்கள் இருக்க இடமே இல்லை.

அண்மைய ஆண்டுகளில் ஐரோப்பாவில் பிறந்து வளர்ந்த, இலங்கை வேர்கொண்ட வீரர்கள் கடவுச்சீட்டுப் பெற்று இலங்கைக்கு ஆடுகிறார்கள். அதில் தவறு காண நான் தயாரில்லை, வரட்டும். ஆனால் பாட்டனின் பிறப்புச் சான்று இவர்களுக்குத் திறந்த கதவை, லயத்தில் பிறந்த மூன்று தலைமுறைக்குச் சட்டம் மூடியே வைத்திருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

2003 அக்டோபரில் வந்த சட்டம்தான் எஞ்சியோரையும் இலங்கைக் குடிகளாக்கியது. அந்த ஆண்டு ஊவாவில் பிறந்த பிள்ளைக்கு 2023இல் இருபது வயது. அவ்வாண்டு ஜூன் மாதம் பெங்களூரில் சாஃப் போட்டி தொடங்கியபோது இலங்கை அணியே அங்கில்லை. நிர்வாகக் குளறுபடிகளுக்காக ஃபிஃபா ஜனவரியில் விதித்த இடைநிறுத்தம் ஆகஸ்டில்தான் நீங்கியது.