இவள் யாருக்கு உரியவள்?

கணவன் வீடு செல். மறுத்தால் ஆறு திங்கள் சிறை! 1887-இல் பம்பாய் உயர்நீதிமன்றம் 22 வயது நங்கை ஒருவருக்கு இட்ட கட்டளை இது. சிறையே மேல் என்றார் அவர்!

ரக்மாபாய் என்பது அந்த நங்கையின் பெயர். மணம் என்னும் சொல்லுக்குப் பொருள் விளங்காத 11-ஆம் வயதில் பெரியவர்கள் போட்ட முடிச்சை, வயது வந்தபின் ஏற்க மறுத்தார். 1884-இல் கணவர் வழக்குத் தொடுத்தார். விரும்பாத பெண்ணை வலிந்து அனுப்புவது முறையன்று என 1885-இல் நீதிபதி பின்ஹே வழக்கைத் தள்ளினார். பழமை பதறிற்று; மேல்முறையீட்டில் அத்தீர்ப்பு வீழ்ந்தது. முடிவில், 1888-இல் 2,000 ரூபாய் பெற்றுக்கொண்டு கணவர் விலகினார். விடுதலையை விலை கொடுத்து வாங்கிய ரக்மாபாய், இலண்டனில் மருத்துவம் கற்றுத் திரும்பி, சூரத்தில் பல்லாண்டு பணிபுரிந்தார்.

பழங்கதைதானே என்பீர்கள். இல்லை, தோழர்களே! அரசியல் சட்டம் வந்தது. அதன் 21-ஆம் பிரிவு தனிமனித உரிமைக்குக் காவல் நின்றது. சட்டத்துக்கு மாறாக அடைக்கப்பட்டவரை மன்றத்தில் நிறுத்தி விடுவிக்க ஆட்கொணர்வு மனு இருந்தது. 2016-இல் கேரளத்துத் தந்தை ஒருவர் தொடுத்ததும் அம்மனுவே. மகளுக்கு வயது 24. தாமே மதம் மாறியவர். தாமே மணம் புரிந்தவர். உயர்நீதிமன்றமோ அம்மணம் செல்லாது என்றது. அவரைப் பெற்றோரிடம் ஒப்படைத்தது. விலங்கை உடைக்கச் செய்த சம்மட்டி, விலங்கு பூட்டப் பயன்பட்டது!

அன்று கணவனிடம் போ. பின்னர் தந்தையிடம் இரு! நூற்றாண்டு கடந்தும் கேட்கப்பட்ட கேள்வி ஒன்றே: இவள் யாருக்கு உரியவள்? கேட்கப்படாத கேள்வியும் ஒன்றே: இவர் விரும்புவது என்ன?

உச்சநீதிமன்றம் அதைக் கேட்டது. அப்பெண்ணையே அழைத்துக் கேட்டது. 2018 மார்ச் 8 அன்று, ஆட்கொணர்வு மனுவைக் கொண்டு வயது வந்தோரின் மணத்தை அழித்தல் தகாது என்று, உயர்நீதிமன்றத் தீர்ப்பை நீக்கியது. அதே திங்கள் 27-இல், வயது வந்த இருவரின் மணத்தைத் தடுக்கக் கூடும் சாதிப் பஞ்சாயத்துகள் சட்டவிரோதமானவை என்றது. அத்தகைய இணையரைக் காக்கும் கடமையைக் காவல்துறைக்கு விதித்தது.

தமிழகத்திலும் இவ்வழக்காடல் நிகழ்ந்தது. 1967-இல் இயற்றப்பட்ட சட்டம் சுயமரியாதைத் திருமணத்தை ஏற்றது. ஆயினும் வழக்குரைஞர் அறையில் மறைவாக நடக்கும் மணம் செல்லாது என 2014-இல் சென்னை உயர்நீதிமன்றம் கூறிற்று. 2023 ஆகஸ்ட் 28-இல் உச்சநீதிமன்றம் அதை மறுத்தது: ஊரறிய நடத்துவது கட்டாயமன்று. குடும்பமே பகையாக நிற்கையில் ஊரைக் கூட்டு என்பது, உயிருக்கு உலை வைப்பதன்றோ!

தீர்ப்பு உண்டு. ஆனால் பூட்டிய அறைக்குள் அது தானே நடந்து செல்லாது. அடைபட்டவருக்காக நண்பரும் மனுத் தொடுக்கலாம். அந்த நண்பராக நிற்கும் நெஞ்சுரம் நமக்கு வேண்டும். அதற்கும் முன்னே, நம் தங்கை துணை தேடும் நாளில், யாரைக் கேட்டாய் என உறுமாமல், உன் விருப்பம் என்ன என்று கேட்கும் நேர்மை வேண்டும்!