கப்பல்களுக்கு முன்னர்

மூதூரின் வரலாற்றைக் கேட்டால் எங்கள் ஊரில் எல்லோரும் வெள்ளைக்காரன் மரத்தடியில்தான் கொண்டுபோய் விடுவார்கள். 1659ஆம் ஆண்டின் கடைசியில் சோழமண்டலக் கரையில் அடித்த புயலில் பாய்மரம் முறிந்த 'ஆன்' என்ற ஆங்கிலக் கப்பல், மரம் தேடிக் கொட்டியாரக்குடாவுக்குள் வந்தது. கண்டி அரசன் இரண்டாம் இராஜசிங்கனின் ஆட்கள் கப்பல் தலைவனையும் அவரது மகன் றொபேட் நொக்ஸையும் மற்றவர்களோடு சேர்த்துப் பிடித்து மலைநாட்டுக்குக் கொண்டுபோனார்கள். தந்தை அங்கேயே இறந்தார். மகன் பத்தொன்பது ஆண்டுகள் கைதியாக இருந்து, 1679இல் ஒல்லாந்தரிடம் இருந்த அரிப்புக் கோட்டைக்குத் தப்பிச்சென்று, 1681இல் இலண்டனில் தன் நூலை வெளியிட்டார். அவர்கள் பிடிபட்டதாகச் சொல்லப்படும் புளியமரத்தடிக்கு நானும் மாணவர்களை வரிசையாகக் கூட்டிப்போயிருக்கிறேன்.

நல்ல கதைதான். ஆனால் அது நேற்றுக் கதை. நொக்ஸோடு தொடங்காதவர்கள் சோழரோடு தொடங்குவார்கள், அல்லது விஜயனோடு, அல்லது அரபு வணிகரோடு. எங்கள் பிரதேசத்தில் யார் முதலில் வந்தார் என்ற வாக்குவாதம் எழும்போதெல்லாம் ஒவ்வொருவரும் தத்தம் கப்பலைக் கொண்டுவந்து நிறுத்துகிறார்கள். ஒருநாள் வரலாற்றுப் பாடம் முடிகிற வேளையில், வேடர் கிராமமொன்றிலிருந்து படிக்க வந்த பிள்ளை எழுந்து நின்று, "எங்கட ஆக்கள் எந்தக் கப்பல்ல வந்தவங்க சேர்?" என்று கேட்டாள். அந்தக் கேள்விக்கு ஒரு வரியில் பதில் சொல்லலாம்: கப்பலில் வரவில்லை, நடந்து வந்தார்கள். அந்த ஒரு வரியை விரித்தால் மனிதன் உலகம் முழுவதும் பரவிய கதையே அதற்குள் இருக்கிறது.

நம்மைப் போன்ற மனிதர் ஆப்பிரிக்காவில் உருவாகி ஏறத்தாழ மூன்று இலட்சம் ஆண்டுகள் ஆகின்றன. இன்று ஆப்பிரிக்காவுக்கு வெளியே வாழும் மக்களின் முன்னோர், பெரும்பாலும் அறுபது எழுபதாயிரம் ஆண்டுகளுக்கு முன்னர் அங்கிருந்து கிளம்பிய சிறு கூட்டங்கள். 'கிளம்பிய' என்று எழுதும்போதே மூட்டை கட்டிக்கொண்டு புறப்பட்டதுபோல ஒரு தோற்றம் வந்துவிடுகிறது. அப்படி ஒன்றும் நடக்கவில்லை. இந்த ஓடையில் மீன் குறைந்தால் அடுத்த ஓடை, இந்தக் காட்டில் கிழங்கு குறைந்தால் அடுத்த காடு. மகன் குடிசை போடுகிற இடம் தகப்பனின் குடிசையிலிருந்து கொஞ்சத் தூரம். ஆண்டுக்கு ஒரே ஒரு கிலோமீற்றர் நகர்ந்தாலும் பத்தாயிரம் ஆண்டுகளுக்குள் ஆப்பிரிக்கக் கரையிலிருந்து இந்தியாவின் தென்முனைக்கு வந்துவிடலாம். தாங்கள் ஒரு கண்டத்தைவிட்டு இன்னொன்றுக்குப் போகிறோம் என்று அவர்களில் எவருக்கும் தெரிந்திருக்காது.

அவர்களுக்கு முன்னரும் இந்தப் பக்கம் ஆள் இருந்தது. சென்னைக்கு வடமேற்கே அத்திரம்பாக்கத்தில் கிடைத்த மிகப் பழைய கைக்கோடரிகளுக்குப் பதினைந்து இலட்சம் ஆண்டு வயது. அம்பாந்தோட்டைப் பக்கம் பூந்தலவில் ஏறத்தாழ ஒன்றேகால் இலட்சம் ஆண்டுக்கு முந்திய கற்கருவிகளைத் தொல்லியலாளர் சிரான் தெரணியகல கண்டெடுத்தார். அவை கிடைத்த செம்மண் படிவுக்கு நிலவியலாளர் வைத்த பெயர் எங்கள் வடக்கின் இரணைமடுப் பெயர். இவற்றைக் காட்டி 'உலகின் முதல் மனிதன் தமிழன்' என்று மேடையில் முழங்குகிறவர்களுக்கு ஒன்று சொல்லவேண்டும். அத்திரம்பாக்கத்துக் கோடரியை அடித்த காலத்தில் நம் இன மனிதனே உலகில் தோன்றியிருக்கவில்லை. அந்தக் கைகள் வேறு.

இலங்கைக்கு வர நம் இன மனிதருக்குத் தோணி தேவைப்படவில்லை. பனிக்காலத்தில் உலகத் தண்ணீரின் பெரும்பங்கு துருவங்களில் உறைந்து கிடந்தது. இருபதாயிரம் ஆண்டுகளுக்கு முன்னர் கடல்மட்டம் இன்றிருப்பதைவிட ஏறத்தாழ 120 மீற்றர் கீழே. பாக்குநீரிணையின் பெரும்பகுதியோ இன்றும் பதினைந்து மீற்றர்கூட ஆழமில்லாத கடல். ஆகவே இராமேசுவரமும் மன்னாரும் ஒரே சமவெளி. மானும் மனிதனும் ஒரே தடத்தில் போய்வந்தார்கள். பனி உருகிக் கடல் ஏறி, இலங்கை கடைசியாகத் தனித்தீவானது ஏறத்தாழ ஏழாயிரம் ஆண்டுகளுக்கு முன்னர்தான். எங்கள் கிழக்குக் கரையின் கதை வேறு. இங்கே கடலடி மேடை ஒடுக்கமானது. மகாவலி வந்து விழுகிற கொட்டியாரக்குடாவிலிருந்தே கடலுக்கடியில் பெரிய பள்ளத்தாக்கு ஒன்று இறங்கிப் போகிறது. திருகோணமலைத் துறைமுகத்துக்குப் பெருங்கப்பல்கள் எல்லாம் ஆசைப்பட்டது இந்த ஆழத்துக்காகத்தான். மேற்கே கடல் இறங்கியபோது ஒரு நாடளவு நிலம் வெளிவந்தது. இங்கே வெளிவந்தது ஒரு கீற்று மட்டும்.

வந்தவர்களின் கையில் என்ன இருந்தது என்பதைப் பார்க்க, களுத்துறை மாவட்டத்தில் புளத்சிங்களவுக்குப் பக்கத்திலுள்ள பாகியங்கல குகைக்குப் போகவேண்டும். மழைக்காட்டின் நடுவே பெரிய பாறையொதுக்கு. அங்கே ஏறத்தாழ 48,000 ஆண்டுகளுக்கு முன்னரே மனிதர் குடியிருந்தனர். மண்ணடுக்குகளை அரித்தெடுத்தபோது வந்தவற்றில் பெருந்தொகை குரங்கு எலும்பும் மலையணில் எலும்பும். மந்தியையும் செங்குரங்கையும் தின்றதோடு அவர்கள் நிற்கவில்லை. குரங்கின் கைகால் எலும்பை நெடுக்காகப் பிளந்து, கல்லில் உரைத்து, விரல்நீளம்கூட வராத ஊசிமுனைகளாகத் தீட்டினார்கள். சிலவற்றுக்கு இரண்டு பக்கமும் கூர். சிலவற்றின் அடியில் நார் சுற்றிக் கட்டிய தழும்பு. சிலவற்றின் நுனியில் வேகமாகப் போய் மோதி உடைந்த வெடிப்பு. 130 எலும்புக் கருவிகளை ஆராய்ந்து 2020இல் வெளியிட்ட கட்டுரையில், இவை வில்லில் எய்த அம்புமுனைகள் என்ற முடிவுக்கு ஆய்வாளர்கள் வந்தார்கள். ஆப்பிரிக்காவுக்கு வெளியே வில்லுக்குக் கிடைத்த மிகப் பழைய சான்றுகளில் இது ஒன்று. உச்சிக்கொப்பில் தாவுகிற குரங்கை ஈட்டியால் எறிந்து விழுத்த முடியாது. குரங்கை அடித்தார்கள், அதன் எலும்பிலேயே அடுத்த குரங்குக்கான அம்பைச் செய்தார்கள். அடித்தவற்றில் பெரும்பாலானவை வளர்ந்த விலங்குகள் என்பதும் கவனிக்கவேண்டியது. குட்டியை விட்டுவைக்கத் தெரிந்தபடியால்தான் அதே காட்டில் தலைமுறை தலைமுறையாக வேட்டை நடந்தது.

மழைக்காடு ஆதிமனிதனுக்கு அடைத்த கதவு, அவன் புல்வெளியையும் கடற்கரையையும் ஒட்டியே பரவினான் என்று நீண்டகாலம் பாடநூல்கள் சொல்லிவந்தன. அதை மாற்றி எழுதவைத்த இடங்களில் இலங்கையும் ஒன்று. பாகியங்கல, குருவிட்டப் பக்கத்துப் பட்டதொம்பலென முதலிய இடங்களில் கிடைத்த 26 பேரின் பற்களை வேதியியல் முறையில் சோதித்து 2015இல் ஓர் ஆய்வு வெளியானது. குறைந்தது இருபதாயிரம் ஆண்டுகளாக இந்தத் தீவின் மக்கள் மழைக்காட்டு உணவிலேயே பெரிதும் வாழ்ந்தார்கள் என்பதை அந்தப் பற்கள் காட்டின. ஆனால் என் மனதை அதிகம் பிடித்தது பற்கள் அல்ல. அதே உள்நாட்டுக் குகைகளில் துளையிட்ட கடற்சிப்பி மணிகளும் கிடைத்திருக்கின்றன. காட்டு ஆளுக்குக் கரை ஆளோடு போக்குவரத்து இருந்தது. யாரோ கடற்கரையில் குனிந்து பொறுக்கியது கைமாறிப் போய் மலையில் ஒருத்தியின் கழுத்தில் ஏறியிருக்கிறது.

எங்கள் பக்கத்தில் அந்தக் காட்டையும் கரையையும் இணைப்பது மகாவலி. மத்திய மலையில் பிறந்து 335 கிலோமீற்றர் ஓடி, ஒரு கிளையை வெருகலுக்குப் பிரித்துக் கொடுத்துவிட்டு எங்கள் குடாவில் கலக்கிறது. சார்ல்ஸ் செலிக்மானும் மனைவி பிரெண்டாவும் 1911இல் வெளியிட்ட வேடர் பற்றிய நூலில், தமிழ் பேசும் கரையோர வேடர்களுக்குத் தனி இடம் உண்டு. தங்கள் முன்னோர் மேற்கே உள்நாட்டிலிருந்து வந்தவர்கள் என்ற நினைவு அப்போதும் அவர்களிடம் இருந்தது. இன்று மூதூர் கிழக்கில் பாட்டாளிபுரம், நல்லூர், சந்தோசபுரம், இளக்கந்தை, உப்பூறல் என்று பரந்திருக்கும் குடும்பங்களைப் பார்த்துப் 'பாவங்கள்' என்று சொல்லிவிட்டுப் போகிறவர்களே அதிகம். நான் அவர்களோடு காட்டுக்குப் போயிருக்கிறேன். ஓர் ஆச்சி வள்ளிக்கொடியைக் கண்டதும் இழுக்கமாட்டார். அதை விரலால் பின்தொடர்ந்து மண்ணுக்குள் இறங்குகிற இடத்தைப் பிடிப்பார். அலவாங்கின் அடியால் இரண்டு தட்டு. சத்தத்தை வைத்துக் கிழங்கு எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று தெரிந்துகொண்டு, அந்தப் பக்கமாகவே தோண்டுவார். கிழங்கை முழுதாக எடுத்தபின் கொடியோடு சேர்ந்த தலையை மட்டும் அறுத்துக் குழியில் வைத்து மண்ணை மூடி மிதித்துவிட்டு, "தலைய விட்டுடணும் மகன், அடுத்த மாரிக்கு அது திரும்பப் புள்ள போடும்" என்பார்.

நொக்ஸும் வேடர்களைப் பற்றி எழுதியிருக்கிறார். காட்டு வேடர் இரவில் இறைச்சிச் சுமையைக் கொல்லன் பட்டறையில் தொங்கவிட்டு, வேண்டிய அம்பின் வடிவத்தில் இலையை வெட்டிப் பக்கத்தில் மாட்டிவிட்டுப் போவார்களாம். கொல்லன் அதன்படி செய்துவைத்தால் பிறகும் இறைச்சி வரும். செய்யாவிட்டால் இருட்டில் அம்பு வரும். எலும்பு முனைபோய் இரும்பு முனை வந்துவிட்டது, ஆனால் எப்படிப்பட்ட முனை வேண்டும் என்று சொல்கிற ஆள் வேடன்தான். செலிக்மான் நூலில் இன்னொரு செய்தி உண்டு. கரையோர வேடர்களுக்குக் காட்டுத் தெய்வங்களோடு 'கப்பல் பேய்' என்றொரு வகையும் உண்டு. கடலுக்கு அப்பாலிருந்து வந்து நோய் கொடுக்கும் பேய். நாங்கள் எல்லோரும் எங்கள் வரலாற்றைக் கப்பலின் மேல்தட்டிலிருந்து பார்த்து எழுதியிருக்கிறோம். கரையில் நின்று கப்பலைப் பார்த்தவர்களின் வரலாறு அந்தப் பேயின் பெயரில் இருக்கிறது என்று நான் நினைக்கிறேன்.

இரத்தச் சோதனையும் இதில் ஒரு சாட்சி. 2024இல் இந்திய, இலங்கை ஆய்வாளர்கள் சேர்ந்து வெளியிட்ட மரபணு ஆய்வின்படி, வேடர்களுக்கு அருகில் நிற்பவர்கள் சந்தால், இருளர் போன்ற இந்தியப் பழங்குடிகள். பக்கத்திலேயே வாழும் சிங்களவரோடும் தமிழரோடும் கலப்பு குறைவு. இது உள்நாட்டு வேடருக்குக் கூடுதலாகப் பொருந்தும். கரையோரத்தில் தமிழரோடு மணவுறவு தலைமுறைகளாக உண்டு. அதனால் அவர்கள் வேடர் அல்ல என்று ஆகாது. கலக்காத மனித இனம் உலகில் எங்கும் இல்லை. ஐம்பதாயிரம் ஆண்டுகளுக்கு முன்னரே கடல் கடந்து அவுஸ்திரேலியாவில் ஏறியவர்களும், கலிங்க மாகன் பொலன்னறுவையை ஆண்ட அதே 13ஆம் நூற்றாண்டில் நியூசிலாந்தில் முதன்முதலாகக் கால்வைத்தவர்களும் எங்கிருந்தோ வந்தவர்கள்தான். மூதூரின் தமிழரும் முஸ்லிம்களும் சிங்களவரும் அப்படியே. யாரும் இந்த மண்ணில் முளைக்கவில்லை. ஆனால் வரிசை என்று ஒன்று இருக்கிறது. அந்த வரிசையில் முன்னுக்கு நிற்பவர்கள் காணி உறுதி, பாடசாலை, வேலை எல்லாவற்றிலும் கடைசியில் நிற்கிறார்கள். 2006இல் போரால் மூதூர் கிழக்கு முழுவதும் இடம்பெயர்ந்தபோது அவர்களும் முகாம்களில் கிடந்தார்கள். திரும்பிவந்தபோது, தேன் எடுத்த காட்டுக்கும் உடும்பு பிடித்த வெளிக்கும் காட்டக் கையில் கடதாசி இல்லை.

தொல்லியல் துறையினரும் பல்கலைக்கழகத்தாரும் மகாவலி முகத்திலிருந்து வெருகல் வரையுள்ள மணல்மேடுகளையும் களப்புக் கரைகளையும் முறையாகத் தோண்டிப் பார்க்கவேண்டும். மூதூர் வலயத்து வரலாற்று ஆசிரியர்கள் அதுவரை காத்திருக்கத் தேவையில்லை. மாணவர்களை வெள்ளைக்காரன் மரத்தடிக்குக் கூட்டிப்போகும் வருடமே பாட்டாளிபுரத்துக்கும் கூட்டிப்போங்கள். வேடர் முதியவர்கள் சொல்லும் கிழங்கு, தேன், மரம், தெய்வம் ஆகியவற்றின் பெயர்களை அவர்கள் பிள்ளைகளின் கையாலேயே எழுதவையுங்கள். அவை முழுதாகத் தெரிந்தவர்கள் ஒவ்வொரு கிராமத்திலும் இப்போது மிகச் சிலர்தான்.