நூறு அங்குலப் பச்சைக் கண்ணாடி

1908 டிசம்பரில் பிரான்சிலிருந்து கடல் தாண்டிக் கலிபோர்னியாவின் பாசடீனா நகருக்கு ஒரு பெரிய மரப்பெட்டி வந்து இறங்கியது. உள்ளே ஒரு கண்ணாடி வட்டு. குறுக்களவு நூறு அங்குலத்துக்குச் சற்று மேல், கனம் ஓர் அடிக்கு மேல், எடை ஏறத்தாழ நான்கு டன். தொலைநோக்கிக்காக அவ்வளவு பெரிய கண்ணாடியை அதுவரை யாரும் வார்த்ததில்லை. பெட்டியைப் பிரித்தவர்களின் முகம் தொங்கிப்போனது. ஒயின் பாட்டிலின் பச்சை நிறம் அவர்கள் எதிர்பார்த்ததுதான். பாட்டில் செய்கிற கண்ணாடிதானே அது. எதிர்பாராதது, உள்ளே அடுக்கடுக்காகச் சிக்கியிருந்த காற்றுக் குமிழிகள்.

வார்த்தது செயின்ட் கோபைன் நிறுவனம். பதினான்காம் லூயி காலத்தில், 1665இல், அரண்மனைகளுக்குக் கண்ணாடி செய்யத் தொடங்கிய அதே நிறுவனம். இன்று ஸ்ரீபெரும்புதூரிலும் அதற்குத் தொழிற்சாலை உண்டு. இவ்வளவு உருகிய கண்ணாடியை ஒரே கொப்பரையில் காய்ச்ச முடியாததால் மூன்று கொப்பரைகளிலிருந்து ஒன்றன்மேல் ஒன்றாக ஊற்றினார்கள். ஊற்றலுக்கும் ஊற்றலுக்கும் இடையில் காற்று மாட்டிக்கொண்டது.

இந்தக் கண்ணாடியை வரவழைத்தவர் ஜார்ஜ் எல்லெரி ஹேல். சூரியனை ஆராயப் பிறந்த வானியலாளர். பணக்காரர்களிடம் பணம் கறப்பதில் அதைவிடத் திறமைசாலி. ஜான் ஹூக்கர் என்ற லாஸ் ஏஞ்சல்ஸ் இரும்பு வியாபாரியிடமிருந்து 1906இல் 45,000 டாலருக்கு வாக்குறுதி வாங்கியிருந்தார். கண்ணாடியைத் தேய்த்து ஆடியாக்க வேண்டியவர் ஜார்ஜ் ரிச்சி. மவுண்ட் வில்சன் மலையில் அப்போதுதான் இயங்கத் தொடங்கிய 60 அங்குலத் தொலைநோக்கியின் ஆடி அவர் கைவேலை. குமிழிகளைப் பார்த்ததும் இது உதவாது என்றார் ரிச்சி. ஹேலும் தலையசைத்தார். கண்ணாடி ஓரமாகப் போனது.

செயின்ட் கோபைன் மறுபடி வார்த்துப் பார்த்தது. ஒன்று ஆறும்போதே உடைந்தது. இன்னொன்று கனம் போதாமல் போயிற்று. வேறு வழியில்லாமல் 1910இல் ஒதுக்கிய கண்ணாடியையே திரும்ப எடுத்தார்கள். இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். தொலைநோக்கி ஆடியில் ஒளி கண்ணாடிக்குள் நுழைவதே இல்லை. மேல்பரப்பில் பூசிய மெல்லிய வெள்ளிப் படலத்திலேயே பட்டுத் திரும்பிவிடும். கீழே இருக்கும் நான்கு டன்னும் அந்தப் படலத்தைத் தாங்கும் மேடைதான். குமிழி கண்ணுக்கு அசிங்கம், ஒளிக்கு ஒன்றுமில்லை. குமிழி அடுக்குகளால் கண்ணாடி சூட்டிலும் குளிரிலும் சீரில்லாமல் விரிந்து சுருங்குமோ என்பதுதான் உண்மையான பயம். ரிச்சிக்கு அந்தப் பயம் கடைசிவரை போகவில்லை.

நம்பாத கண்ணாடியை அவர் தேய்த்த விதம்தான் வியப்பு. பட்டறையின் ஜன்னல்களை அடைத்தார், உள்ளே வரும் காற்றை வடிகட்டினார், தூசி எழாதபடி தரையை ஈரமாகவே வைத்தார். வேலையாட்கள் அறுவை சிகிச்சை மருத்துவர்கள்போல அங்கியும் தொப்பியும் அணிந்தார்கள். நடுவில் மூன்று சென்டிமீட்டர்தான் குழிய வேண்டும். ஆனால் கோளத்தின் வளைவுக்கும் தேவையான பரவளைய வளைவுக்கும் விளிம்பில் உள்ள வித்தியாசம் அங்குலத்தில் ஆயிரத்தில் ஒரு பங்குகூட இல்லை. அந்த வித்தியாசத்துக்காகத்தான் ஆண்டுக்கணக்கில் உழைப்பு. பணம் கொடுத்த ஹூக்கர் 1911இலேயே இறந்துவிட்டார்.

1917 ஜூலையில் ஒரு லாரி கண்ணாடியை மலைமேல் ஏற்றியது. நவம்பர் முதல் தேதி இரவு முதல் பார்வை. ஹேலோடு வானியலாளர் வால்டர் ஆடம்ஸும், விருந்தினராக ஆல்ஃபிரட் நோயஸ் என்ற ஆங்கிலக் கவிஞரும் இருந்தார்கள். வியாழனை நோக்கித் திருப்பிப் பார்த்தால் ஒன்றன்மேல் ஒன்றாக ஆறேழு வியாழன்கள். ரிச்சியின் பயம் பலித்துவிட்டதா? பகலில் வேலையாட்கள் கூரையைத் திறந்து வைத்திருந்தார்கள், வெயில் பட்டுக் கண்ணாடி சூடேறியிருக்கிறது என்று தெரிந்தது. ஆறட்டும் என்று காத்திருந்தார்கள். பின்னிரவில் திரும்பி வந்தபோது வியாழன் எட்டாத இடத்துக்குப் போயிருந்ததால் வேகா விண்மீனைப் பிடித்தார்கள். ஒற்றைப் புள்ளி, ஊசிமுனைபோல்.

ரிச்சிக்கு அந்த வெற்றியில் பங்கு கிடைக்கவில்லை. ஹேலுடன் மனக்கசப்பு முற்றி 1919இல் வேலையிலிருந்தே நீக்கப்பட்டார். அதே ஆண்டு அதே மலைக்கு எட்வின் ஹபிள் என்ற வானியலாளர் வேலைக்கு வந்தார்.

அப்போது வானியலாளர்களைப் பிரித்துவைத்திருந்த கேள்வி ஒன்றே: மங்கலான மேகம்போல் தெரியும் சுருள் நெபுலாக்கள் நம் பால்வெளிக்குள் இருப்பவையா, வெளியே இருக்கும் தனிக் கேலக்சிகளா? ஹார்லோ ஷேப்லி என்ற வானியலாளர் 60 அங்குலத் தொலைநோக்கியால் கோள விண்மீன் கொத்துகளை அளந்து, பால்வெளியின் அகலம் மூன்று லட்சம் ஒளியாண்டு என்றார். அவ்வளவு பெரிய வீட்டுக்கு வெளியே வேறு வீடுகள் எதற்கு என்பது அவர் கட்சி.

1923 அக்டோபர் 5ஆம் தேதி இரவு, நூறு அங்குல ஆடியால் ஹபிள் அப்படியொரு சுருளான ஆந்திரமேடா நெபுலாவை 45 நிமிடம் ஒரு கண்ணாடித் தகட்டில் படம்பிடித்தார். புதிதாகத் தெரிந்த மூன்று புள்ளிகளை, திடீரென ஒளிர்ந்து மங்கும் நோவாக்கள் என்று குறித்துக்கொண்டார். பழைய தகடுகளோடு ஒப்பிட்டபோது அவற்றில் ஒன்று கூடிக் குறைந்து கூடிக் குறைந்து ஒளிர்வது தெரிந்தது. நோவா குறியை அடித்துவிட்டு, மாறும் விண்மீன் என்பதன் சுருக்கத்தை எழுதி ஓர் ஆச்சரியக்குறியும் போட்டார். அது ஏறக்குறைய 31 நாள் ஒளிச் சுழற்சி கொண்ட செஃபீட் வகை விண்மீன். செஃபீடின் சுழற்சி தெரிந்தால் அதன் உண்மை ஒளி தெரியும், ஒளி தெரிந்தால் தூரம் தெரியும். இதைக் கண்டுபிடித்தவர் ஹார்வர்டில் தகடுகளைக் கணக்கிடும் வேலையில் இருந்த ஹென்ரியட்டா லெவிட். அவர் 1921இலேயே இறந்துவிட்டார். அவர் விதியால் கிடைத்த தூரம் ஏறத்தாழ ஒன்பது லட்சம் ஒளியாண்டு. ஷேப்லியின் பால்வெளிக்கும் வெளியே வெகுதூரம்.

அந்தக் கணக்கும் பாதிதான் சரி. இரண்டாம் உலகப்போரில் மலையடிவார நகரங்கள் விளக்கணைத்த இருட்டில் வால்டர் பாடே என்ற வானியலாளர் அதே ஆடியால் ஆந்திரமேடாவின் நடுப்பகுதியைத் தனித்தனி விண்மீன்களாகப் பிரித்துப் பார்த்தார். ஜெர்மானியர் என்பதால் போர் வேலைக்கு அவரைச் சேர்க்கவில்லை. வானியலுக்கு அது லாபம். விண்மீன்கள் இரு வகை என்று அவர் கண்டதன் தொடர்ச்சியாக, செஃபீட்களிலும் இரு வகை என்று 1952இல் தெரிந்து தூரங்கள் இரட்டிப்பாயின. இன்றைய கணக்கு 25 லட்சம் ஒளியாண்டு.

நகர விளக்குகள் வானத்தைத் தின்ன, 1985இல் நூறு அங்குலத் தொலைநோக்கியை மூடினார்கள். தொண்ணூறுகளில் மீண்டும் திறந்தார்கள். இடையில், 1990 ஏப்ரலில், ஹபிள் பெயரைச் சுமந்த தொலைநோக்கியை டிஸ்கவரி விண்ணோடம் ஏற்றிச் சென்றது. மவுண்ட் வில்சனில் ரிச்சியோடு இருந்த ஆன்றி கிரெத்தியன் அவருடன் சேர்ந்து வகுத்த ஆடி அமைப்புதான் அதிலும். 2.4 மீட்டர் ஆடி. ஆனால் விளிம்பில் இரண்டு மைக்ரான் அதிகம் தேய்த்திருந்ததால் படங்கள் மங்கலாக வந்தன. 1993இல் விண்வெளி வீரர்கள் போய்ச் சரிசெய்தார்கள். 1990ஆம் ஆண்டுப் பயணத்தில் 1923ஆம் ஆண்டுத் தகட்டின் நகல்களும் கூடவே போயிருந்தன. 2010 டிசம்பரிலும் அடுத்த மாதத்திலுமாக அந்தத் தொலைநோக்கி ஆந்திரமேடாவின் அதே செஃபீடை நான்கு முறை படமெடுத்தது.