விழக் கற்றவர்

போடிநாயக்கனூரிலிருந்து ஏலமலைக்கு ஏறும் சாலையில், போடிமெட்டை எய்துமுன் 17 கொண்டை ஊசி வளைவுகள் உண்டு. ஒருபுறம் பாறை, மறுபுறம் பள்ளம். சண்டைக் காட்சி எடுப்போருக்கு இதனினும் வாய்த்த இடம் வேறேது? சில ஆண்டுகளுக்கு முன் அவ்வழியே செல்கையில், படப்பிடிப்பு ஒன்றைக் கண்டு நின்றேன். கதாநாயகரின் சட்டையைப் போன்றே சட்டை அணிந்த இளைஞர் ஒருவர் சரிவில் உருண்டார். இயக்குநருக்கு நிறைவில்லை; மீண்டும் உருண்டார். மூன்றாம் முறையும் உருண்டார். பின்னர் முழங்கையைத் துடைத்துக்கொண்டு, ஓரமாக அமர்ந்து தேநீர் அருந்தினார். கூடியிருந்த எங்கள் ஊரார் ஒருவரும் அவரை ஏறிட்டுப் பார்க்கவில்லை. "கதாநாயகர் எங்கே?" என்றே வினவிக்கொண்டிருந்தனர். நானும் அதையேதான் வினவினேன், ஒளிப்பானேன்?

நேயர்களே, அவ்விளைஞரைப் போன்றோரைத் திரையுலகில் 'டூப்' என்பர். முகம் தெரியாதிருப்பதே அத்தொழிலின் இலக்கணம். ஆதலின் அவர்தம் வரலாறு எழுதப்படுவதும் அரிது. அக்கூட்டத்தினருக்கு ஆசிரியராய் விளங்கிப் பெயர் நிலைத்த ஒருவரைப் பற்றிக் கூற விழைகிறேன். அவரே ஜூடோ கே. கே. ரத்னம்.

வேலூரை அடுத்த குடியாத்தத்தில் 1930-ஆம் ஆண்டு பிறந்தவர் அவர். 1959-இல் வெளிவந்த 'தாமரைக்குளம்' என்னும் படத்தில் நடிகராகத் திரையேறினார். பிறகு சண்டைப் பயிற்சியாளராகி, 1,200-க்கும் மேற்பட்ட படங்களில் பணியாற்றினார். அதுவரை நம் படச் சண்டைகளில் சிலம்பமும் குஸ்தியும் வாட்போருமே மிகுதி.

அவர் பெயரோடு ஒட்டிக்கொண்ட ஜூடோ, 1882-இல் ஜிகோரோ கானோ என்பவர் டோக்கியோவில் வகுத்த மற்கலை. அதில் மாணாக்கன் முதலில் கற்பது எதிரியை வீழ்த்துவதன்று, தான் விழுவதேயாம். முகவாயை மார்போடு ஒடுக்கி, உடலை வளைத்து, தரையில் படும் கணத்தில் கையால் தரையை அறைந்து, அதிர்ச்சியை ஓரிடத்தில் தங்கவிடாமல் பரப்பிவிட வேண்டும். தலைமையாசிரியனாய் இருந்த எனக்கு இப்பாட வரிசை வியப்பளிக்கிறது. நம் பள்ளிகளில் விழுவதற்குப் பாடவேளை இல்லையன்றோ!

1980-இல் ஏவி.எம். நிறுவனத்தார் எடுத்த 'முரட்டுக்காளை'யில், ஓடும் புகைவண்டியின் கூரைமேல் ரஜினிகாந்த் பொருதும் காட்சி ரத்னம் அமைத்தது. அப்போது நான் ஆசிரியப் பயிற்சி மாணவன். போடி–மதுரை வண்டியின் ஆமை நடையையே கண்டு வளர்ந்த எங்களுக்கு, அக்காட்சி மூச்சை நிறுத்திவிட்டது. (அந்த மீட்டர் பாதை 2010-இன் இறுதியில் மூடப்பட்டு, அகலப் பாதையாகி, 2023 ஜூனில்தான் போடிக்கு மீண்டும் வண்டி வந்தது.) இத்தகைய காட்சிகளுக்கு ஒரு உபாயம் உண்டு. விநாடிக்கு 24 சட்டங்கள் பதிய வேண்டிய படச்சுருளில் அதனினும் குறைவாகப் பதிந்தால், திரையில் வேகம் கூடித் தோன்றும். வண்டியை மெதுவாகவே ஓட்டலாம். ஆயினும் மெதுவாக ஓடும் வண்டியிலிருந்து விழுபவனுக்கும் எலும்பு எலும்புதான். காற்றடைத்த பெரும் படுக்கைகள் வருமுன், கீழே அவனை ஏந்தியவை அட்டைப் பெட்டிகளும் மெத்தைகளும் மணலுமே.

சூப்பர் சுப்பராயன், விக்ரம் தர்மா, பொன்னம்பலம் முதலியோர் ரத்னத்திடம் பணியாற்றிப் பெயர் பெற்றோர். தமிழக அரசின் கலைமாமணி விருது அவருக்கு அறிவிக்கப்பட்டது 2019-இல். அப்போது அவர் எண்பத்தெட்டு வயது முதியவர். 2023 ஜனவரி 26-ஆம் நாள் மறைந்தார்.

விருதென்றால் உலகெங்கும் இத்தாமதமே. நம் தேசியத் திரைப்பட விருதுகள் 1954-இல் தொடங்கின; சண்டை அமைப்புக்கான விருது 2017-இல்தான் முதன்முதலாக, 'புலிமுருகன்' படத்துக்காகப் பீட்டர் ஹெயினுக்கு அளிக்கப்பட்டது. 1929-இல் தொடங்கிய ஆஸ்கார் விழாவோ, 2028-இல்தான் இத்துறைக்கு முதற்பரிசு வழங்குமென அறிவித்திருக்கிறது. இவ்வறிவிப்பு வந்தது 2025 ஏப்ரலில். அதே ஆண்டு ஜூலை 13-ஆம் நாள், நாகப்பட்டினத்தை அடுத்து நடந்த படப்பிடிப்பில், காரைப் பாய்ச்சிக் கவிழ்க்கும் காட்சியில் சண்டைக் கலைஞர் எஸ். எம். ராஜு உயிரிழந்தார். அச்செய்தியைப் படித்த அன்று, போடிமெட்டுச் சரிவில் மும்முறை உருண்ட இளைஞரை நினைத்துக்கொண்டேன். அருகில் அமர்ந்துதான் நானும் தேநீர் அருந்தினேன். அவர் பெயரைக் கேட்டிருக்கலாம், கேட்கவில்லை.