கத்ரீன் ஹெஸ்லிங்

கத்ரீன் ஹெஸ்லிங் (1900–1979) பிரெஞ்சு மௌனப்பட நடிகை. இயற்பெயர் ஆந்த்ரே ஹோய்ஷ்லிங், நெருங்கியவர்களுக்கு ‘தெதே’. ஓவியர் ஒகுஸ்த் ரெனுவாரின் கடைசி ஆண்டுகளில், தென் பிரான்சின் கான்யு ஊரில் இருந்த அவர் வீட்டில் மாதிரிப் பெண்ணாக இருந்தார். முடக்குவாதத்தால் கைவிரல்கள் மடங்கிப்போயிருந்த நிலையில் ரெனுவார் தீட்டிய ‘குளிக்கும் பெண்கள்’ ஓவியத்துக்கும் மாதிரி இவரே. 1919 டிசம்பரில் ஓவியர் இறந்தார். அடுத்த மாதமே அவர் மகன் ழான் ரெனுவாரை ஆந்த்ரே மணந்தார்.

ழான் அப்போது மட்பாண்டக் கலைஞர். அமெரிக்கப் படங்களை இருவரும் விடாமல் பார்த்தார்கள். மனைவியை நட்சத்திரமாக்கவே தாம் சினிமாவில் இறங்கியதாக அவர் பின்னாளில் சொல்லியிருக்கிறார். உலகத் திரைப்பட வரலாற்றின் பெரும் இயக்குநர் ஒருவர் உருவானதற்கு இந்தப் பெண் முதற்காரணம் என்பதை வரலாற்று நூல்கள் பெரும்பாலும் ஒரு வரியில் கடந்துவிடுகின்றன.

ழான் இயக்கத்தில் கத்ரீன் நடித்த ‘நீரின் மகள்’ (1925) படத்தை அடுத்து, எமில் சோலாவின் நாவலைத் தழுவிய ‘நானா’ (1926) வந்தது. சுண்ணாம்பாய் வெளுத்த முகம், கரிய உதடுகள், பொம்மலாட்டப் பாவைபோல் வெட்டி வெட்டி அசையும் உடல் என்று அதில் நானாவாகத் தோன்றுகிறார். காலடியில் நாயைப்போல் மண்டியிட்டு மிட்டாய்க்கு ஏங்கும் பிரபுவாக ஜெர்மன் நடிகர் வெர்னர் க்ராஸ். அந்தக் காட்சியில் நானாவிடம் துளிக் கனிவும் இல்லை. குழந்தையின் குரூரமே இருக்கிறது. இதை மிகைநடிப்பு என்று ஒதுக்குவது தவறு. முகபாவத்தை நம்பாமல் உடலின் தாளத்தால் பாத்திரத்தைச் சொல்லும் துணிவு அது. ஆனால் படம் தோற்றது. கடனை அடைக்க ழான் தந்தையின் ஓவியங்களை விற்க நேர்ந்தது.

கத்ரீனின் மிகச் சிறந்த படம் ‘தீக்குச்சி விற்கும் சிறுமி’ (1928). பாரிசின் வியே கொலோம்பியே அரங்கின் மேல்மாடத்தில், மின்சாரத்தையும் தாங்களே உண்டாக்கிக்கொண்டு எடுத்தார்கள். பனியில் உறையும் சிறுமியின் கனவில் கடைப் பொம்மைகள் உயிர்பெறுகின்றன. மரணம் குதிரையேறி மேகங்களினூடே அவளைத் துரத்துகிறது. ‘நானா’வில் கடுமையாகத் தெரிந்த அதே பொம்மை அசைவு இங்கே மனத்தை உருக்குகிறது. கவல்காந்தி இயக்கிய ‘துறைமுகத்தில்’ (1927) படத்தில் மார்செய் துறைமுக உணவகத்தின் பணிப்பெண்ணாகவும் நடித்தார்.

பேசும்படம் வந்ததும் எல்லாம் மாறியது. ழானின் ‘லா ஷியென்’ (1931) படத்தின் நாயகி வேடம் தமக்கே என்று அவர் எதிர்பார்த்திருந்தார். தயாரிப்பாளர்களோ ஜானி மரேஸ் என்ற நடிகையை வைத்தே எடுக்கச் சொன்னார்கள், ழான் இணங்கினார். மணவாழ்க்கை அத்தோடு முறிந்தது. பாப்ஸ்ட் இயக்கிய ‘மேலிருந்து கீழே’ (1933), பியேர் ஷெனாலின் ‘குற்றமும் தண்டனையும்’ (1935) ஆகியவற்றில் சிறு வேடங்கள் கிடைத்தன. பிறகு திரையை விட்டே விலகினார்.

ழான் ரெனுவார் மறைந்த 1979-ஆம் ஆண்டிலேயே இவரும் மறைந்தார். ‘ரெனுவார்’ (2012) என்ற பிரெஞ்சுப் படத்தில் கிறிஸ்தா தெரே இவராக நடித்தார். அது கான்யு வீட்டு நாட்களைச் சொல்லும் கதை. நடிகையாக அவர் வாழ்ந்த ஆண்டுகள் அதில் இடம்பெறவில்லை.